சாட்சிக் கூண்டில் தயங்கித் தயங்கிப் பேசினால் நம்ப மாட்டார்களா?

ஹட்டிக்காரி (கோத்தகிரி)

எல்லோருக்கும் வணக்கம். நீதிமன்றத்தில் சாட்சி சொல்ல வரும்படி எனக்குச் சம்மன் வந்திருக்கிறது. போன வருடம் அரவேணுப் பக்கம் ஒரு கொண்டை ஊசி வளைவில் ஜீப்பும் ஸ்கூட்டரும் மோதிக்கொண்டன. ஸ்கூட்டரில் வந்த பையன் பிழைக்கவில்லை. நான் சாலையோரம் தேயிலைக் கொழுந்து எடைபோடும் கொட்டகையில் நின்றிருந்தேன். மூடுபனி இறங்கிய சாயங்காலம். அன்றிரவே போலீஸார் வந்து விசாரித்து எழுதிக்கொண்டு போனார்கள்.

என் கவலை சட்டத்தைப் பற்றியது அல்ல, என் வாயைப் பற்றியது. வீட்டில் நாங்கள் பேசுவது படுக மொழி. தமிழ் தெரியும், ஆனால் பெரிய மனிதர்கள் முன்னால் நின்றால் ஒவ்வொரு சொல்லாகத் தேடித்தான் எடுப்பேன். எதையும் அடித்துச் சொல்லிப் பழக்கமில்லை. "போல இருந்தது", "என்று நினைக்கிறேன்" இல்லாமல் எனக்கு வாக்கியமே முடியாது. கல்லூரியில் படிக்கும் மகன் அமெரிக்க நீதிமன்ற வீடியோக்களைப் போட்டுக் காட்டுகிறான். தீர்ப்புச் சொல்லும் ஜூரி என்று பன்னிரண்டு பேர் வரிசையாக உட்கார்ந்து சாட்சியின் முகத்தையே பார்க்கிறார்கள். நிமிர்ந்து உட்கார், கண்ணைப் பார்த்துப் பேசு, "நினைக்கிறேன்" என்று சொல்லாதே என்று ஒருவர் பாடம் நடத்துகிறார். அவர் சொன்ன எல்லாவற்றுக்கும் நேர்மாறாக இருப்பவள் நான். "உன்னைப் பொய்சாட்சி என்றுதான் சொல்லப்போகிறார்கள்" என்கிறார் வீட்டுக்காரர்.

இன்னொன்று. ஜீப்பில் முன்விளக்கு எரியவில்லை என்று டீக்கடையில் அப்போதிலிருந்தே பேசிக்கொண்டிருக்கிறார்கள். இப்போது அந்த மாலையை நினைத்தால் ஜீப் இருட்டாகத்தான் வருகிறது. அன்றைக்கே அப்படிப் பார்த்தேனா, கேட்டுக் கேட்டு அப்படி ஆகிவிட்டதா என்று பிரிக்க முடியவில்லை. பையனின் அம்மா எனக்குத் தெரிந்தவர். அவர் முகத்தைப் பார்க்கும்போது விளக்கு எரியவில்லை என்றே சொல்லிவிடலாம் போல இருக்கிறது.

நம் ஊர் நீதிமன்றத்திலும் ஜூரி உண்டா?

---

பழைய பென்ச் கிளார்க் (உதகை)

அம்மா, முதலில் ஒரு கண்டிப்பு. சம்பவத்தைப் பற்றி இதற்குமேல் இங்கே ஒரு வரிகூட எழுத வேண்டாம். இடம், நேரம், வண்டி எல்லாம் சொல்லிவிட்டீர்கள். எதிர்த்தரப்பு வக்கீலின் ஜூனியரும் கைப்பேசி வைத்திருப்பார்.

ஜூரி கிடையாது. 1973-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோடு அது போய்விட்டது. உங்கள் எதிரே இருக்கப்போவது ஒரே ஒரு நடுவர், அதாவது மாஜிஸ்திரேட். அன்றைக்கு அவர் பார்க்க வேண்டிய வழக்குகளின் பட்டியல் வெளியே பலகையில் ஒட்டியிருக்கும், பாருங்கள். நீங்கள் நிமிர்ந்து உட்கார்ந்தீர்களா, குனிந்து உட்கார்ந்தீர்களா என்று அளந்துகொண்டிருக்க அவருக்கு ஏது நேரம்? முதலில், நம் கூண்டில் பெரும்பாலும் நாற்காலியே கிடையாது, நிற்கத்தான் வேண்டும். உங்கள் மகன் காட்டிய வீடியோவை இதோடு மறந்துவிடலாம்.

நான் பணிக்காலம் முழுவதும் மேடைக்குக் கீழே உட்கார்ந்து, சாட்சி சொல்வது ஒன்றாகவும் தட்டச்சில் ஏறுவது வேறொன்றாகவும் ஆவதைப் பார்த்தவன். ஜூரி முறையில் சாட்சியின் குரல் தீர்ப்புச் சொல்பவர்களின் காதுக்கு நேராகப் போகிறது. இங்கே அது காகிதத்துக்குப் போகிறது. நம் நீதிமன்றங்களில் சாட்சியத்தைக் கேள்வி பதிலாக எழுதுவது அபூர்வம். வக்கீல் கேட்கிறார், நீங்கள் சொல்கிறீர்கள், நடுவர் அதை ஒரு வாக்கியமாக்கிச் சொல்கிறார், தட்டச்சர் அடிக்கிறார். யாரும் எதையும் கேட்காமல் நீங்களே கடகடவென்று பேசியதைப் போல அது காகிதத்தில் நிற்கும். உங்கள் தயக்கம், இருமல், அந்தப் "போல", எல்லாம் வழியிலேயே உதிர்ந்துவிடும்.

உதிர்வது உங்களுக்கு நல்லது என்று நினைத்துவிடாதீர்கள். ஒரு சாட்சி, "வண்டி கொஞ்சம் வேகமாக வந்த மாதிரி இருந்ததுங்கய்யா, பனியில் சரியாகத் தெரியவில்லை" என்பார். "வாகனம் வேகமாக வந்தது" என்று ஏறும். பிறகு குறுக்கு விசாரணை. "பனி அவ்வளவு அடர்த்தியாக இருந்ததால் உங்களால் எதையும் பார்த்திருக்க முடியாது, அப்படித்தானே அம்மா?" என்று வக்கீல் மிக அன்பாகக் கேட்பார். பெரிய மனிதர் கேட்கிறாரே, எதிர்த்துப் பேசக் கூடாதே என்று உங்களைப் போன்றவர்கள் "ஆமாங்கய்யா" என்பார்கள். காகிதத்தில் என்ன வரும் தெரியுமா? "மூடுபனி காரணமாக என்னால் எதையும் பார்க்க முடியவில்லை." முதல் விசாரணையில் நீங்கள் சொன்ன அத்தனையும் அந்த ஒரு வரியில் போயிற்று. குறுக்கு விசாரணையில் இப்படிப் பதிலை உள்ளே வைத்துக் கேட்கச் சட்டமே இடம் கொடுக்கிறது, அவரைக் குறைசொல்ல முடியாது. பாதி சரி, பாதி தவறு என்றால் "பாதி சரிங்கய்யா, கொட்டகை அருகே வந்தபோது தெரிந்தது" என்று இரண்டையும் சொல்லிவிடுங்கள்.

கடைசியில் வரிசையாகச் சில கேள்விகள் வரும். நீங்கள் அந்த இடத்திலேயே இல்லை, உறவுக்காகப் பொய் சொல்கிறீர்கள், போலீஸ் சொல்லிக்கொடுத்ததைச் சொல்கிறீர்கள். அதற்கெல்லாம் கோபப்படாதீர்கள். கேட்காமல் விட்டால் அவர் தரப்பு நிற்காது என்பதால் கேட்கிறார். "நான் பொய்சாட்சி சொல்கிறேன் என்று சொன்னால் சரியல்ல" என்று பதிவாகும். இந்த வாக்கியம் இல்லாத சாட்சியத்தை நான் பார்த்ததில்லை. சிலர் இதைக் கேட்டதும் கூண்டிலேயே அழுதுவிடுவார்கள்.

இவ்வளவுக்கும் பிறகு, வழக்கு முடிவதற்குள் நடுவருக்கு மாற்றல் வரலாம். அடுத்து வருபவர், முந்தையவர் பதிந்ததை வைத்தே தீர்ப்பு எழுதலாம். மேல்முறையீடு உதகைக்கு வந்தாலும் அதே காகிதம்தான், அங்கிருந்து சென்னைக்குப் போனாலும் அதே காகிதம்தான். சாட்சியின் நடத்தையைப் பற்றி நீதிபதி குறிப்பு எழுதலாம் என்று பழைய சட்டத்தில், அதாவது அந்த 1973 சட்டத்தில், 280-ஆம் பிரிவு இருந்தது. என் காலத்தில் அப்படி எழுதப்பட்ட குறிப்புகளை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

ஆகவே உங்கள் தைரியத்தையெல்லாம் கையெழுத்துப் போடும் இடத்துக்குச் சேர்த்து வையுங்கள். சாட்சியத்தைப் படித்துக் காட்ட வேண்டும், தவறிருந்தால் திருத்த வேண்டும், திருத்தத்தை நீதிபதி ஏற்காவிட்டால் உங்கள் ஆட்சேபத்தைக் குறித்தாவது வைக்கலாம். இது பழைய சட்டத்தின் 278-ஆம் பிரிவு, 2024 ஜூலையில் வந்த புதிய சட்டத்திலும் இருக்கிறது. நடைமுறையில், அதற்குள் அடுத்த வழக்கைக் கூப்பிட்டிருப்பார்கள். காகிதத்தை நீட்டி, கையெழுத்துப் போட வேண்டிய இடத்தை விரலால் காட்டுவார்கள். "படித்துப் பார்த்துவிட்டுப் போடுகிறேன் ஐயா" என்று சொல்லுங்கள். முகம் சுளிப்பார்கள். சுளிக்கட்டும்.

---

குன்னூர் உளவியல் ஆசிரியை

கிளார்க் ஐயா சொன்ன காகித விஷயம் எனக்குப் புதிது, மாணவர்களிடம் சொல்லப்போகிறேன். ஆனால் நடுவர் முகம் பார்க்க மாட்டார், குரல் கேட்க மாட்டார் என்பதை ஒப்புக்கொள்ள மாட்டேன். வேலை மிகுந்தவர்தான் பேச்சின் தோரணையை வைத்துச் சீக்கிரம் ஒரு முடிவுக்கு வருவார். "வண்டி வேகமாக வந்தது" என்று வாக்கியத்தைக் கோப்பதற்கு முன்பே அவர் உங்களைப் பற்றி ஏதோ ஒன்று நினைத்திருப்பார்.

இதைச் சோதித்திருக்கிறார்கள். அமெரிக்காவில் டியூக் பல்கலைக்கழகத்தின் வில்லியம் ஓபார் என்ற மானுடவியலாளர் 1970-களில் வட கரோலினா நீதிமன்றங்களில் ஒலிப்பதிவு செய்து, சாட்சிகள் எப்படிப் பேசுகிறார்கள் என்று ஆராய்ந்தார். பிறகு அவருடைய குழு ஒரே சாட்சியத்தை இரண்டு விதமாகப் பதிவுசெய்தது. ஒன்றில் தயக்கம், "நினைக்கிறேன்", அளவுக்கு மீறிய மரியாதை. மற்றதில் அதே தகவல்கள், இவை மட்டும் இல்லை. ஜூரிகளாக நடித்தவர்கள் தயங்கிய சாட்சியைக் குறைவாகவே நம்பினார்கள். இப்படித் தயங்கிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் யார் என்று பார்த்தால், சமூகத்தில் தாழ்ந்த இடத்தில் வைக்கப்பட்டவர்கள். அக்கா, இதில் திருந்த வேண்டியது நீங்கள் இல்லை. ஆனால் கூண்டில் நிற்கப்போவது நீங்கள்.

முகத்தைப் பார்த்துப் பொய்யைக் கண்டுபிடிக்கலாம் என்பதும் இதே போன்ற தவறான நம்பிக்கைதான். சார்லஸ் பாண்ட், பெல்லா டிபாலோ இருவரும் 2006-இல் பழைய ஆய்வுகளைத் திரட்டிப் பார்த்தார்கள். 24,000-க்கும் மேற்பட்டவர்களின் கணிப்புகள். சராசரியாகச் சரியாகச் சொன்னது 54 சதவீதம். காசைச் சுண்டிப் போட்டாலே 50 கிடைக்கும். அப்படியிருந்தும், விசாரணை நீதிமன்றம் சாட்சியை நேரில் பார்த்தது, ஆகவே அதன் கருத்தில் எளிதில் தலையிட மாட்டோம் என்று மேல் நீதிமன்றங்கள் காலங்காலமாக எழுதிவருகின்றன.

இப்போது முன்விளக்கு. எனக்கு இதுதான் முக்கியம். உங்களுக்கு நடந்திருப்பது பொய்யும் இல்லை, மறதியும் இல்லை. 1974-இல் எலிசபெத் லோஃப்டஸ், ஜான் பால்மர் இருவரும் மாணவர்களுக்குக் கார்கள் மோதும் படத்துண்டு ஒன்றைக் காட்டினார்கள். சிலரிடம் கார்கள் "முட்டிக்கொண்டபோது" என்ன வேகம் என்றும், சிலரிடம் "மோதி நொறுங்கியபோது" என்ன வேகம் என்றும் கேட்டார்கள். நொறுங்கியது என்று கேட்கப்பட்டவர்கள் கூடுதல் வேகம் சொன்னார்கள். ஒரு வாரம் கழித்து, கண்ணாடி உடைந்து கிடந்ததைப் பார்த்தீர்களா என்று கேட்டபோது, நொறுங்கியது என்று கேட்கப்பட்ட 50 பேரில் 16 பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். மற்ற சொல்லைக் கேட்ட 50 பேரில் 7 பேர். படத்தில் கண்ணாடித் துண்டே கிடையாது. ஒரே ஒரு சொல் ஒரு வாரத்தில் செய்த வேலை இது. உங்கள் டீக்கடை எத்தனை மாதமாக வேலை செய்திருக்கிறது!

கேட்டது எது, பார்த்தது எது என்று இப்போது உட்கார்ந்து தோண்டினால் கலங்கல்தான் கூடும். ஒவ்வொரு முறை மனதில் ஓட்டிப் பார்க்கும்போதும் அந்த இருட்டு ஜீப் இன்னும் தெளிவாகும், தெளிவு கூடக்கூட உங்கள் உறுதியும் கூடும். உறுதியோடு பேசும் சாட்சியைத்தான் ஜூரிகள் அதிகம் நம்புகிறார்கள் என்பது பல சோதனைகளில் தெரிந்த விஷயம். ஓராண்டு டீக்கடைப் பேச்சுக்குப் பிறகு வருகிற உறுதிக்கு என்ன மதிப்பு? "விளக்கு எரிந்ததா என்று எனக்கு நிச்சயமாகத் தெரியவில்லை, எரியவில்லை என்று பிறகு மற்றவர்கள் சொல்லக் கேட்டேன்" என்பது முழுமையான பதில். பையனின் அம்மாவுக்காக அதை மாற்ற வேண்டாம்.

---

பழைய பென்ச் கிளார்க் (உதகை)

டீச்சர் சொன்னதற்குச் சட்டப் பக்கத்திலிருந்து ஒன்று சேர்க்கிறேன். அன்றிரவு போலீஸார் எழுதியதில் விளக்கைப் பற்றி ஒன்றும் இல்லாமல், இப்போது கூண்டில் புதிதாகச் சொன்னால், "இதைப் போலீஸ் விசாரணையில் சொன்னீர்களா?" என்பதுதான் முதல் கேள்வியாக இருக்கும். பிறகு புலனாய்வு அதிகாரியைக் கூண்டில் ஏற்றி, "இந்தச் சாட்சி அப்படிச் சொன்னாரா?" என்று கேட்பார்கள். அவர் இல்லை என்பார். அதன்பின் நீங்கள் சொன்ன உண்மைகளும் சேர்ந்து அடிபடும்.

அன்று எழுதியதில் உங்களிடம் கையெழுத்து வாங்கியிருக்க மாட்டார்கள், வாங்கக் கூடாது. அதில் என்ன இருக்கிறதோ அதற்காக நீங்கள் வாதாட வேண்டியதில்லை. உங்களுக்குத் தெரிந்ததை மட்டும் சொல்லுங்கள்.

---

டொராண்டோ வெலிங்டன்காரன்

குன்னூர் வெலிங்டனில் வளர்ந்தவன், இப்போது கனடாவில். போன குளிர்காலத்தில் ஒரு குற்ற வழக்கில் ஜூரியாக உட்கார்ந்தேன். ஜூரி அறைக்குள் பேசியதை வெளியே சொல்வது இங்கே குற்றம், குற்றவியல் சட்டம் 649-ஆம் பிரிவு. அதனால் அதைக் கேட்காதீர்கள், மனைவியிடமே சொல்லவில்லை.

எல்லோரும் பார்க்கத் திறந்திருந்த நீதிமன்றத்தில் நடந்ததைச் சொல்லலாம். ஆறு மணி நேரம் உட்கார்ந்து கேட்பது என்பது தேயிலைத் தோட்டத்தில் கவாத்து வெட்டுவதைவிடக் களைப்பு. மதியத்துக்கு மேல் வரும் சாட்சி பாவம். நிபுணர் ஒருவர் சொன்னதில் பாதி எனக்கு மனதில் தங்கவில்லை. ஒரு கடைக்காரர், காலையில் ஷட்டரைத் திறந்ததிலிருந்து நடந்ததை வரிசையாகச் சொன்னார். அவர் சொன்னது இன்றைக்கும் நினைவிருக்கிறது. உங்கள் மகனிடம் சொல்லுங்கள் அக்கா, அங்கே உட்கார்ந்திருந்த நான் யாருடைய முதுகு நிமிர்ந்திருந்தது என்று பார்க்கவே இல்லை.

---

குன்னூர் உளவியல் ஆசிரியை

டொராண்டோ தம்பி சொன்ன கடைக்காரர் விஷயம் தற்செயல் அல்ல. நான்சி பென்னிங்டன், ரீட் ஹேஸ்டி இருவரும், ஜூரிகள் சாட்சியங்களை ஒவ்வொன்றாக எடைபோட்டுக் கூட்டுவதில்லை, ஒரு கதையாக்கிக்கொள்கிறார்கள் என்றார்கள். 1988-இல் வெளிவந்த சோதனையில் ஒரே கொலை வழக்கின் ஒரே சாட்சியங்களை வரிசை மாற்றிக் கொடுத்தார்கள். அரசுத் தரப்பு சம்பவ வரிசையிலும் எதிர்த்தரப்பு துண்டு துண்டாகவும் வந்தபோது 78 சதவீதம் பேர் குற்றவாளி என்றார்கள். அதைத் திருப்பிப் போட்டபோது 31 சதவீதம். இத்தனைக்கும் சாட்சியங்களில் ஒரு வரியும் மாறவில்லை.

நம்மிடம் ஒரு சாட்சி இந்த வாய்தாவில், அடுத்தவர் மூன்று மாதம் கழித்து, மருத்துவர் வராததால் இன்னொரு வாய்தா. கதை நடுவரின் மனதில் எப்படிச் சேரும் என்று யாராவது ஆராய வேண்டும்.

---

பழைய வழக்குப் பிரியர்

சிறு திருத்தம். மனைவியின் காதலரைச் சுட்டுக்கொன்ற கடற்படை அதிகாரி நானாவதியின் வழக்கால்தான் ஜூரி ஒழிந்தது என்று யாராவது எழுதுவதற்கு முன் சொல்லிவிடுகிறேன். அந்தத் துப்பாக்கிச் சூடு 1959 ஏப்ரலில் நடந்தது. ஜூரியை ஒழிக்கலாம் என்று சட்ட ஆணையத்தின் 14-ஆவது அறிக்கை 1958-லேயே பரிந்துரைத்துவிட்டது. பம்பாயில் ஜூரி 8-க்கு 1 என்று நானாவதியை விடுவிக்க, செஷன்ஸ் நீதிபதி அதை ஏற்காமல் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்ப, அங்கே அவருக்குத் தண்டனை கிடைத்தது. 1961-இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. அதற்குப் பிறகும் சில இடங்களில் ஜூரி இருந்தது. பார்சி திருமண வழக்குகளில் ஐந்து பிரதிநிதிகள் உட்காரும் வழக்கம் சட்டத்தில் இன்னும் இருக்கிறது.

மொழியைப் பற்றிப் பேசுவதால் இதையும் சொல்கிறேன். 1908-இல் திலகர் மீதான ராஜதுரோக வழக்கு அவருடைய மராத்திக் கட்டுரைகளைப் பற்றியது. மராத்தி தெரிந்தவர்கள் ஜூரியில் பெரும்பான்மையாக வேண்டும் என்று அவர் தரப்பு கேட்டது. அமைந்ததோ ஏழு ஐரோப்பியர், இரண்டு பார்சிகள். தீர்ப்பும் ஏழுக்கு இரண்டு. மொழிபெயர்ப்பைப் படித்து ஆறு வருடம் பர்மாவின் மாண்டலே சிறைக்கு அனுப்பினார்கள்.

---

ஹட்டிக்காரி (கோத்தகிரி)

எல்லோருக்கும் நன்றி. வீட்டுக்காரரிடம் படித்துக் காட்டினேன், ஒன்றும் பேசவில்லை. டீக்கடையில் அந்தப் பேச்சு வந்தால் எழுந்துவிடுகிறேன்.

இரண்டு சந்தேகம். ஐயா, படுக மொழியிலேயே சொல்லலாமா? கேட்டால் திமிர் என்று நினைப்பார்களா? டீச்சர், எங்கள் ஹட்டியில் ஊர்க்கூட்டம் கூடினால் முதலில் ஒரு பெரியவர் பேசிவிட்டால் அப்புறம் மாற்றிப் பேச யாருக்கும் வாய் வராது. அந்தப் பன்னிரண்டு பேரும் அப்படித்தானா?

---

குன்னூர் உளவியல் ஆசிரியை

கிட்டத்தட்ட அப்படித்தான் அக்கா. சிகாகோவில் கால்வன், ஜைசல் இருவரும் 1966-இல் வெளியிட்ட பெரிய ஆய்வில், முதல் வாக்கெடுப்பில் எந்தப் பக்கம் பெரும்பான்மையோ அதுவே பத்துக்கு ஒன்பது வழக்குகளில் இறுதித் தீர்ப்பாகவும் ஆனது. 1950-களில் நடந்த இன்னொரு ஆய்வில், மேஜையின் தலைப்பக்கம் உட்கார்ந்தவரையே தலைவராக்கும் பழக்கம் இருந்ததைக் கண்டார்கள். வந்தவுடன் வாக்கெடுக்காமல் முதலில் சாட்சியங்களைப் பேசித் தீர்க்கும் ஜூரிகள் நன்றாக அலசுகிறார்கள் என்றும் தெரிந்தது. தனியாக எதிர்ப்பவருக்குத் துணையாக இன்னும் ஒரே ஒருவர் இருந்தால் போதும், கூட்டத்துக்குப் பணிவது வெகுவாகக் குறைந்துவிடும். உளவியலாளர் சாலமன் ஆஷ், எந்தக் கோடுகள் ஒரே நீளம் என்று குழுவில் கேட்டே இதைக் காட்டினார். உங்கள் ஊர்க்கூட்டத்தில் பெரியவரைக் கடைசியாகப் பேசச் சொல்ல முடியுமா? முடியாது என்று எனக்கும் தெரியும்.

மொழிபெயர்ப்பாளரைப் பற்றி ஓர் எச்சரிக்கை. சூசன் பெர்க்-செலிக்சன் அமெரிக்க நீதிமன்றங்களில் ஸ்பானிய மொழிபெயர்ப்பை ஆராய்ந்தார். சாட்சி சொன்ன மரியாதைச் சொற்களை மொழிபெயர்ப்பாளர் சேர்த்தாரா விட்டாரா என்பதைப் பொறுத்தே சாட்சியின் மீதான மதிப்பு ஏறி இறங்கியது. உங்களுக்குத் தமிழ் புரியும் என்பதால் அவர் விடுவதை நீங்களே கவனிக்கலாம். அந்த வாய்ப்பு எல்லோருக்கும் கிடைப்பதில்லை.

---

பழைய பென்ச் கிளார்க் (உதகை)

தாராளமாகக் கேட்கலாம். நீதிமன்ற மொழி தமிழ்தான், ஆனால் சாட்சி வேறு மொழியில் சொன்னால் அதைச் சரியாகத் தமிழாக்கிப் பதிய வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நீலகிரியில் படுக மொழி கேட்டு யாரும் வியக்கப்போவதில்லை, ஊழியர்களிலேயே தெரிந்தவர்கள் இருப்பார்கள். ஒன்றே ஒன்று, கூண்டில் ஏறிய பிறகு கேட்காதீர்கள். முன்கூட்டியே அரசு வழக்கறிஞரிடம் சொல்லிவிடுங்கள். அவரை விசாரணை நாளன்று காலை பத்து மணிக்கு முன்பே பிடித்துவிட வேண்டும், அதன்பின் பிடிக்க முடியாது.

பாதித் தமிழும் பாதிப் படுக மொழியுமாகக் கலந்து சொல்ல வேண்டாம். எதை எந்த மொழியில் சொன்னீர்கள் என்று பிறகு யாருக்கும் தெரியாது. கேள்வி புரியாவிட்டால் "புரியவில்லை ஐயா" என்று சொல்லுங்கள், எத்தனை முறை வேண்டுமானாலும். கண்ணாடி போடுபவராக இருந்தால் எடுத்துப் போங்கள். மறந்துவிட்டு வந்து, படிக்காமலே கையெழுத்துப் போட்டவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

அன்றைக்கே விசாரிப்பார்கள் என்று நிச்சயமில்லை, வாய்தா போடவும் செய்வார்கள். சம்மனையும் பஸ் டிக்கெட்டையும் பத்திரமாக வைத்திருங்கள். சாட்சிக்குப் பேட்டா கொடுக்க நீதிமன்றம் உத்தரவிடலாம். பெரும்பாலானவர்கள் கூச்சப்பட்டுக் கேட்காமலே போய்விடுகிறார்கள். ஒரு நாள் கொழுந்துக் கூலி போகிறதே, கேட்டு வாங்குங்கள்.